வாசிக்கத் தயங்கும் பிள்ளைகளும் சிரிக்க வைக்கும் பள்ளிக் கதைகளும்: ஓர் அறிமுகம்

வளரும் பிள்ளைகளுக்காக, அவர்களுடைய பள்ளி வாழ்க்கையையே களமாகக் கொண்டு, அவர்களைச் சிரிக்க வைப்பதையே முதல் நோக்கமாக வைத்து எழுதப்படும் கதைகள் இன்று உலகின் பல மொழிகளில் தனியொரு வகையாக வளர்ந்துள்ளன. ஆங்கிலப் பதிப்புலகம் இவற்றை எட்டு வயது முதல் பன்னிரண்டு வயது வரையிலான வாசகர்களுக்குரியவையாகக் கணக்கிடுகிறது. நமது பாடசாலை ஒழுங்கில் சொல்வதானால், தரம் 5 புலமைப்பரிசில் பரீட்சையைக் கடந்துவிட்ட, ஆனால் க.பொ.த. சாதாரண தரத்தின் அச்சம் இன்னும் வந்து சேராத, தரம் 6 முதல் 9 வரையிலான பிள்ளைகளுக்கே இவை மிகவும் பொருந்தும். இந்தக் கதைகளுள் ஒரு பகுதி, புத்தகம் என்றாலே ஒதுங்கிப்போகும் பிள்ளைகளை மனத்தில் வைத்துத் திட்டமிட்டு எழுதப்படுகிறது. அந்தப் பகுதி எப்படி இயங்குகிறது என்பதை வன்னியில் உள்ள ஆசிரியர்களுக்கும் பெற்றோருக்கும் நூலகப் பொறுப்பாளர்களுக்கும், எழுதிப் பார்க்க விரும்பும் இளைஞர்களுக்கும் தொடக்க நிலையில் விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கம்.

வாசிக்கத் தயங்கும் பிள்ளை என்றவுடன் வாசிக்கத் தெரியாத பிள்ளையை மட்டும் நினைத்துக்கொள்வது தவறு. எழுத்துக் கூட்டி வாசிப்பதிலேயே இடறுகிறவர்கள் ஒரு சாரார். சரளமாக வாசிக்கக்கூடியவர்களாக இருந்தும், வாசிப்பு என்பது கேள்விக்கு விடை எழுதுவதற்காகச் செய்யும் வேலை என்று மட்டுமே அனுபவப்பட்டு, பரீட்சை முடிந்ததும் புத்தகத்தை மூடிவிடுகிறவர்கள் இன்னொரு சாரார். வன்னியில் மூன்றாவதாக ஒரு சாராரையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். பாடநூலைத் தவிர வேறு புத்தகம் கைக்கு எட்டாத பிள்ளைகள் அவர்கள். ஏ9 வீதியை ஒட்டிய நகரங்களில் பொது நூலகங்கள் இருக்கின்றன என்றாலும், ஒட்டுசுட்டானுக்கு உள்ளேயோ துணுக்காய்ப் பக்கத்திலோ ஒரு குளத்தின் கீழே குடியிருக்கும் பிள்ளைக்கு அது பஸ் ஏறிப் போகவேண்டிய இடம். பள்ளி விட்டு வந்த பின்பு மாடு கட்டுவதும், தண்ணீர் அள்ளுவதும், தம்பி தங்கையரைப் பார்த்துக்கொள்வதும் இருக்கின்றன. இந்தப் பிள்ளைக்கு வாசிப்பில் விருப்பமில்லை என்று சொல்ல எவருக்கும் உரிமையில்லை; விரும்பிப் பார்ப்பதற்கு அந்தப் பிள்ளையிடம் இன்னும் எதுவும் கொடுக்கப்படவில்லை.

தயக்கம் பெரும்பாலும் தரம் 6இல் வெளிப்படுவதற்குக் காரணம் உண்டு. தரம் 5 வரை சுற்றாடல் என்ற ஒரே பாடத்துக்குள் படங்களோடு வந்தவை, தரம் 6இல் விஞ்ஞானம், வரலாறு, புவியியல் என்று தனித்தனிப் புத்தகங்களாகப் பிரிந்து, பந்தி பந்தியாக எழுத்து நிறைந்து வந்து சேர்கின்றன. தமிழ் எழுத்து பெரும்பாலும் ஒலிக்கு ஏற்ப எழுதப்படுவதால், எழுத்துகளைக் கற்ற பிள்ளை ஏறத்தாழ எந்தச் சொல்லையும் வாய்விட்டு ஒலித்துவிடும். அதைக் கேட்கும் நாம் பிள்ளை வாசிக்கிறது என்று நிம்மதி அடைந்துவிடுகிறோம். ஆனால் தமிழில் வினைமுற்று வாக்கியத்தின் கடைசியில் வருகிறது. சொல் சொல்லாகத் தட்டுத் தடுமாறி அந்த இறுதிச் சொல்லை அடையும்போது, வாக்கியத்தின் தொடக்கத்தில் யார், எதை என்று இருந்தவை மனத்திலிருந்து நழுவிவிட்டிருக்கும். ஒலித்தது பிள்ளை, விளங்கிக்கொண்டது ஒன்றுமில்லை. இப்படிப் பத்துப் பக்கம் வாசித்து ஒரு பயனும் காணாத பிள்ளை பதினோராவது பக்கத்தைத் திருப்பாமல் விடுவது நியாயமான முடிவு. அதைச் சோம்பல் என்று பெயரிடுவதால் நாம் எதையும் சரிசெய்துவிடப் போவதில்லை.

நகைச்சுவைக்கு இங்கே ஒரு குறிப்பிட்ட வேலை இருக்கிறது. ஒரு பகிடி இரண்டு மூன்று வரிகளுக்குள் முடிந்துவிடுகிறது. அந்த இரண்டு மூன்று வரிகளையும் சரியாக விளங்கிக்கொண்டால் மட்டுமே சிரிப்பு வரும். எனவே சிரித்த பிள்ளை தான் விளங்கிக்கொண்டதைத் தானே அறிந்துகொள்கிறது. ஆசிரியர் கேள்வி கேட்கத் தேவையில்லை, புள்ளி போடத் தேவையில்லை. சோகக் கதையிலும் வீரக் கதையிலும் வாசகருக்குரிய பலன் பெரும்பாலும் கதையின் கடைசியில் கிடைக்கிறது. அந்தக் கடைசிவரை போகும் பலம் இல்லாத பிள்ளைக்கு அது கிடைப்பதே இல்லை. நகைச்சுவைக் கதையோ பக்கத்துக்குப் பக்கம் பலனைக் கொடுத்துக்கொண்டே போகிறது. தயங்கும் வாசகர்களுக்கான எழுத்தில் சிரிப்பு மேலே தூவிய அலங்காரம் அன்று. பிள்ளையை அடுத்த பக்கத்துக்கு அழைத்துச் செல்லும் விசையே அதுதான்.

கதை சொல்பவருக்குத் தெரியாதது வாசகருக்குத் தெரிவது

இந்த வகைக் கதைகளின் உயிர்நாடி எங்கே இருக்கிறது என்று கேட்டால், கதையைத் தன்மையில் சொல்லும் பாத்திரத்திடம் இருக்கிறது என்று தயங்காமல் சொல்லலாம். பெரும்பாலும் பத்திலிருந்து பதின்மூன்று வயதுக்குட்பட்ட ஒரு பிள்ளை தன் நாட்களைத் தானே எழுதிக்கொண்டு போகிறது. தன்னைப் பற்றி அந்தப் பிள்ளைக்கு மிக உயர்ந்த அபிப்பிராயம் உண்டு. நடப்பவை அந்த அபிப்பிராயத்துக்கு ஒத்துவருவதில்லை, ஆனால் அது தெரியாமலேயே பிள்ளை எழுதிக்கொண்டிருக்கிறது. விளக்குவதற்காக ஒரு சிறு பகுதியை இங்கே எழுதிக் காட்டுகிறேன். முள்ளியவளைப் பக்கத்துப் பள்ளி ஒன்றில் தரம் 7இல் படிக்கும் ஒரு பையன் எழுதுவதாக வைத்துக்கொள்ளுங்கள்.

“இன்றைக்குச் சேர் என்னை வகுப்புத் தலைவன் ஆக்கினார். என்னுடைய திறமையை அவர் கடைசியில் கண்டுபிடித்துவிட்டார். சேர் வெளியில் போனால், கதைக்கிற ஆட்களின் பெயரைப் பலகையில் எழுதுவது என் வேலை. முதல் ஐந்து நிமிடத்தில் ஒன்பது பெயர் எழுதினேன். ஆனால் நான் அநியாயம் செய்யவில்லை. ஒவ்வொருவனிடமும் போய், ‘உன்ரை பேரை எழுதப்போறன், பிறகு என்னோடை கோவிக்கக் கூடாது’ என்று விளக்கமாகச் சொல்லிவிட்டுத்தான் எழுதினேன். சேர் திரும்பி வந்து, ‘ஒப்பீஸ் வரைக்கும் ஒரே ஒரு குரல்தான் கேட்டது’ என்றார். அது யாருடைய குரல் என்று நான் இன்னும் தேடிக்கொண்டிருக்கிறேன்.”

இந்தப் பகுதியில் யாரும் பகிடி விடவில்லை. பையன் முழுமனதோடு தன் நேர்மையைப் பற்றியே பேசுகிறான். அந்தக் குரல் அவனுடையது என்பது எங்கும் எழுதப்படவில்லை. வாசிக்கும் பிள்ளை அதைத் தானாகக் கண்டுபிடிக்கிறது. ஒன்பது பேரிடமும் போய்ப் பேசியவன் யார் என்பதை மூன்று வரிகளுக்கு முன்பு வாசித்ததிலிருந்து மீட்டெடுத்து, கடைசி வரியோடு பொருத்திப் பார்க்கிறது. பாடநூற் பயிற்சிகளில் “உய்த்தறிக” என்று கேட்கப்படும் அதே திறன்தான் இங்கே வேலை செய்கிறது. வகுப்பில் எப்போதும் பின்தங்கியவர் என்று பெயர் வாங்கிய ஒரு பிள்ளைக்கு, ஒரு புத்தகத்துக்குள் இருக்கும் ஒருவனைவிடத் தான் கூடுதலாக விளங்கிக்கொண்டேன் என்ற உணர்வு கிடைப்பது சிறிய விடயம் அன்று. இந்த வகை எழுத்தின் மதிப்பை நான் முதன்மையாக இதில்தான் காண்கிறேன்.

இந்த உத்தி நமக்குப் புதியதும் அன்று. 18ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் எழுதிய பரமார்த்த குருவின் கதையில், குருவும் ஐந்து சீடர்களும் ஆற்றைக் கடந்த பின் தங்களை எண்ணிப் பார்க்கிறார்கள். எண்ணுகிறவர் தம்மை விட்டுவிட்டு எண்ணுவதால் ஐந்து பேரே தேறுகிறார்கள், ஒருவரை ஆறு கொண்டுபோய்விட்டது என்று அழுகிறார்கள். யாரை எண்ணவில்லை என்பது கேட்கும் பிள்ளைக்கு உடனே தெரிந்துவிடுகிறது. சத்தம் போட்டுச் சொல்லவும் துடிக்கிறது. நவாலியூர் சோமசுந்தரப் புலவர் (1878–1953) கத்தரித் தோட்டத்து வெருளியைச் சேவகா என்று விளித்துப் பாடியபோதும், அது வெருளி என்று தெரிந்த பிள்ளைக்கே அந்த மரியாதை சிரிப்பூட்டியது. இப்படிப்பட்ட செல்வம் கையில் இருந்தும், இதைப் பள்ளிக்கூடத்துக்குள் கொண்டுவந்து, இன்றைய பிள்ளையின் வாயால் சொல்ல வைக்கும் முழுநீளக் கதைகள் ஈழத்தில் போதிய அளவு வரவில்லை என்பது என் வருத்தம்.

ஆங்கிலத்தில் இந்த வகை வளர்ந்த வரலாறும் இதே உண்மையையே காட்டுகிறது. ரிச்மல் குரொம்ப்டன் 1922இல் நூலாக வெளியிட்ட, பதினொரு வயது வில்லியம் என்ற பையனைப் பற்றிய கதைகள் தொடக்கத்தில் வளர்ந்தவர்கள் படிக்கும் சஞ்சிகையில் வந்தவை. ஜெஃப் கின்னி, தன்னைப் பற்றிப் பெரிதாக நினைத்துக்கொள்ளும் ஒரு பள்ளி மாணவனின் நாட்குறிப்பாக அமைந்த தம் படைப்பை 1998இல் தொடங்கியபோது, அதை வளர்ந்தவர்களுக்கான நூலாகவே எண்ணியிருந்தார். 2004இல் அது இணையத்தில் தொடராக வந்தது. 2007இல் பதிப்பகத்தின் தீர்மானப்படி பிள்ளைகளுக்கான நூலாக அச்சாகி உலகமெங்கும் பரவியது. பிள்ளையின் அறியாமையைப் பார்த்துச் சிரிக்கும் இடம் வளர்ந்தவர்களுக்கே உரியது என்று எழுதியவர்கள் நினைத்திருந்தார்கள். பிள்ளைகளோ அந்த இடத்தில் தாங்களே அமர்ந்துகொண்டார்கள்.

பக்கத்தின் அமைப்பு

புத்தகத்தை எடுத்தவுடன் அதன் தடிப்பையும் எழுத்தின் நெருக்கத்தையும் பார்த்தே தயங்கும் வாசகர் முடிவெடுத்துவிடுகிறார். ஆகவே பக்கத்தின் தோற்றமும் எழுத்தின் ஒரு பகுதியே. அத்தியாயங்கள் குறுகியவையாக, ஒரே அமர்வில் ஒன்றையாவது முடித்துவிடக்கூடிய அளவில் இருக்கும். எழுத்து சற்றுப் பெரிதாக இருக்கும். வரிகளுக்கிடையே இடைவெளி விடப்பட்டிருக்கும். கோடு போட்ட கொப்பியில் ஒரு மாணவன் கையால் எழுதியதைப் போன்ற எழுத்துருவைப் பல நூல்கள் பயன்படுத்துகின்றன. இருநூறு பக்கமுள்ள நூலானாலும் அதில் உள்ள சொற்கள் குறைவு. ஆனால் இருநூறு பக்கத்தை நான் வாசித்து முடித்தேன் என்று பிள்ளை சொல்லிக்கொள்ளலாம், அது உண்மையும் கூட.

படங்களைப் பற்றிச் சற்றுக் கவனமாகச் சொல்ல வேண்டும். சிறுவர் நூல்களில் நாம் காணும் படங்கள் வழக்கமாக எழுத்தில் உள்ளதையே மீண்டும் காட்டுகின்றன. கிணற்றடியில் கமலா நின்றாள் என்று எழுதியிருந்தால், கிணற்றடியில் கமலா நிற்கும் படம் இருக்கும். நகைச்சுவைப் பள்ளிக் கதையில் படம் எழுத்துக்கு எதிராகப் பேசுகிறது. “நான் மிகவும் அமைதியாக வகுப்பைக் கவனித்துக்கொண்டேன்” என்று பையன் எழுதியிருக்க, கீழே உள்ள படத்தில் அவன் மேசைக்கு மேல் ஏறி நின்று வாயைப் பிளந்துகொண்டிருப்பான். படத்தை மட்டும் பார்த்தால் சிரிப்பு வராது, எழுத்தை மட்டும் வாசித்தாலும் வராது. இரண்டையும் சேர்த்தால்தான் வரும். படம் பார்ப்பதற்காகப் புத்தகத்தைத் திறந்த பிள்ளை, படத்தின் பகிடி விளங்க வேண்டும் என்பதற்காகவே எழுத்தை வாசிக்கத் தொடங்குகிறது. படங்கள் வாசிப்பைக் கெடுக்கும் என்று சொல்லும் பெரியவர்கள் இந்த வேறுபாட்டைக் கவனித்ததில்லை.

இவ்வகையில் இன்னொருவரையும் குறிப்பிட வேண்டும். அமெரிக்க எழுத்தாளர் டேவ் பில்கிக்குச் சிறுவயதில் வாசிப்புக் குறைபாடும் கவனக் குறைபாடும் இருந்தன. வகுப்பைக் குழப்புகிறார் என்று ஆசிரியர்கள் அவரை வெளியே நடைபாதையில் மேசை போட்டு இருத்தினார்கள். அங்கே இருந்தபடி அவர் வரைந்த சித்திரக்கதைகளிலிருந்து பிறந்ததுதான், 1997இல் வெளிவரத் தொடங்கிய அவருடைய புகழ்பெற்ற நகைச்சுவை வரிசை. தயங்கும் வாசகருக்கு என்ன தேவை என்பது அவருக்கு எவரும் சொல்லித் தெரியவேண்டியதாக இருக்கவில்லை.

சிறிய விடயம் பெரிதாவது

கதையின் கரு சிறியதாக இருக்க வேண்டும். தொலைந்த தண்ணீர்ப் போத்தல், இல்ல மெய்வல்லுநர் போட்டியில் ஓட விருப்பமில்லாத மாணவி, வாணி விழாவுக்குச் சேர்த்த காசில் குறையும் இருபது ரூபா என்று எதுவும் போதும். உலகத்துக்குச் சிறியது அந்தப் பிள்ளைக்குப் பெரியது என்பதிலிருந்து கதை புறப்படுகிறது. பிறகு ஒன்றன்மேல் ஒன்றாக அது வளர்கிறது. ஒவ்வொரு படியும் முன்னைய படியிலிருந்து நியாயமாகப் பிறக்க வேண்டும், அதே நேரத்தில் முன்னையதைவிடச் சற்றுக் கூடுதலாக இருக்க வேண்டும். இதற்கு வன்னியில் கிடைக்கும் களம் வேறெங்கும் இலகுவில் கிடைக்காது.

காட்டோரப் பள்ளி ஒன்றை எடுத்துக்கொள்வோம். வீட்டுவேலை செய்யாத பிள்ளைகள் எல்லோரும் “கொப்பியைக் குரங்கு கொண்டு போட்டுது, சேர்” என்று சொல்வது அங்கே வழக்கமாகிவிட்டது. இனி அந்தக் காரணத்தைச் சொல்லவே கூடாது என்று சேர் கட்டளையிட்டுவிட்டார். மறுநாள், வாழ்க்கையில் முதல் தடவையாக வீட்டுவேலையை முழுவதும் செய்துகொண்டு வந்த மாணவியின் கொப்பியை, சாப்பாட்டுப் பெட்டியோடு சேர்த்து உண்மையாகவே ஒரு குரங்கு எடுத்துக்கொண்டு ஓடிவிடுகிறது. உண்மையைச் சொல்ல வழியில்லை. அப்பாவைச் சாட்சிக்கு அழைத்து வருகிறாள். அப்பா சைக்கிளை மரத்தில் சாத்திவிட்டு உள்ளே போக, அவருடைய தொப்பியும் மரத்துக்கு மேலே போய்விடுகிறது. நான்காம் நாள் அதிபரின் மேசையிலிருந்த வரவு இடாப்பு காணாமல் போகிறது. அதிபர் வேறு வழியின்றி வலயக் கல்வி அலுவலகத்துக்குக் கடிதம் எழுதுகிறார். “தாங்கள் கூறியுள்ள காரணத்தை ஏற்றுக்கொள்ள முடியாது” என்று பதில் வருகிறது. அந்தக் கடிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு அதிபரும், கொப்பியில்லாத மாணவியும் ஒரே வாங்கில் இருந்து வேலியோரப் பாலை மரத்தை அண்ணாந்து பார்க்கிறார்கள். மரத்தில் குரங்கு இடாப்பின் பக்கங்களை ஒவ்வொன்றாகப் புரட்டிக்கொண்டிருக்கிறது.

முதல் நாள் மாணவி நின்ற இடத்தில் கடைசி நாள் அதிபர் நிற்கிறார். வலிமையுள்ளவர், வலிமையற்றவரின் நிலைக்கு ஒரு கணம் இறங்கி வந்துவிட்டார். பிள்ளைகள் மிகவும் விரும்பும் திருப்பம் இது. இதில் அதிபர் அவமானப்படவும் இல்லை. முதல் முறையாக அந்த மாணவியை நம்பத் தொடங்குகிறார். எழுதத் தொடங்குகிறவர்கள் கவனிக்க வேண்டியது, குரங்கு செய்வது எல்லாம் குரங்கு செய்யக்கூடியவையே என்பதை. குரங்கு பேசினாலோ மோட்டார் சைக்கிள் ஓடினாலோ படிமுறை அறுந்துபோகும். பிள்ளை நம்பிக்கை இழந்துவிடும்.

யாரைப் பார்த்துச் சிரிப்பது

இந்த இடத்தில் ஒரு கடுமையான ஒழுங்கைக் கடைப்பிடிக்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. ஏழ்மையை, உடற்குறையை, சாதியை, ஒருவருடைய பேச்சு வழக்கை வைத்துச் சிரிக்க வைப்பது எளிது, ஆனால் அது வேண்டாம். போரில் கால் இழந்த அப்பாவும், கையில் செல் துண்டோடு வாழும் மாமாவும் இருக்கும் வகுப்பறைக்குள் இந்தப் புத்தகம் போகப்போகிறது. இன்று தரம் 6 முதல் 9 வரை படிக்கும் பிள்ளைகள் 2009க்குப் பின் பிறந்தவர்கள்; அவர்கள் போரைக் கண்டதில்லை என்றாலும், கண்டவர்களோடு வாழ்கிறார்கள். இதனாலேயே வன்னிப் பிள்ளைகளுக்கென்று எழுத வருகிறவர்கள் பலர் துயரத்தை மட்டுமே எழுத வேண்டும் என்று நினைத்துவிடுகிறார்கள். துயரத்தை எழுதத்தான் வேண்டும். ஆனால் வன்னிப் பிள்ளை என்றால் அழவேண்டிய பிள்ளை என்று ஆக்கிவிடுவது அந்தப் பிள்ளைக்குச் செய்யும் நீதி அன்று. அதே வீட்டுக்குள் அன்றாடம் சிரிப்பும் இருக்கிறது.

இரண்டையும் ஒரே கதைக்குள் வைக்க முடியும். பல தடவை இடம்பெயர்ந்த ஓர் அம்மம்மா, எந்த நேரமும் எடுத்துக்கொண்டு புறப்படக்கூடியதாக ஒரு பையை இன்றும் கதவோரம் கட்டி வைத்திருக்கிறார். பிறப்பு அத்தாட்சிப் பத்திரங்கள், காணி உறுதி, குடும்ப அட்டை எல்லாம் அதற்குள் இருக்கின்றன. கணிதத்துக்குப் பதினெட்டுப் புள்ளி எடுத்த பேரன், தன் தேர்ச்சி அறிக்கையை வீட்டிலேயே பாதுகாப்பான இடம் என்று தேர்ந்து, அந்தப் பைக்குள் ஒளித்து வைக்கிறான். கண்ணாடி இல்லாமல் வாசிக்க முடியாத அம்மம்மா, முத்திரையும் கையெழுத்தும் உள்ள தாள் என்பதால் அதை மிக முக்கியமான பத்திரம் என்று முடிவு செய்து, காணி உறுதியோடு சேர்த்து மடித்து வைக்கிறார். பிரதேச செயலகத்தில் ஆவணங்களைக் காட்டச் சொன்னபோது, முழு மண்டபமும் கேட்க அலுவலர் முதலில் வாசிப்பது அந்தப் பதினெட்டுப் புள்ளியைத்தான். சிரிப்பு முழுவதும் பேரன்மீது விழுகிறது. அம்மம்மாவின் பையைப் பார்த்து யாரும் சிரிக்கவில்லை. ஆனால் அந்தப் பை ஏன் கதவோரம் இருக்கிறது என்ற கேள்வி வாசிக்கும் பிள்ளையின் மனத்தில் தங்கிவிடுகிறது. வீட்டுக்குப் போய்த் தன் அம்மம்மாவிடம் அது கேட்கவும் கூடும்.

மொழியும் இடமும்

எமது பிள்ளைகள் பேசுவது ஒன்று, எழுத்தில் காண்பது வேறொன்று. தயங்கும் வாசகருக்கு இந்த இடைவெளி ஒரு மேலதிகச் சுமை. பாத்திரங்களின் உரையாடலை வன்னிப் பேச்சிலும், கதை சொல்லும் பகுதியை எளிய எழுத்துத் தமிழிலும் அமைப்பது நல்ல நடுவழி. “எங்கையடா போனனி?” என்ற கேள்வியை எழுத்தில் காணும் பிள்ளை அதை வாசிப்பதற்கு முன்பே காதால் கேட்டுவிடுகிறது. கதைப் பகுதியில் வாக்கியங்கள் குறுகியவையாக, வினைமுற்று விரைவில் வந்து சேர்வதாக இருத்தல் நன்று. நான்கு சொற்களைப் புணர்த்தி ஒரே சொல்லாக எழுதுவதைத் தவிர்த்துப் பிரித்து எழுதலாம்.

தமிழ்நாட்டிலிருந்து வரும் சிறுவர் நூல்களை நான் குறைத்து மதிக்கவில்லை. அவற்றைப் பிள்ளைகள் படிக்க வேண்டும். ஆனால் நகைச்சுவை இடத்தோடு ஒட்டியது. தரம், இடாப்பு, கொப்பி, அதிபர், வலயம் என்ற சொற்களோடு நாள் முழுவதும் வாழும் பிள்ளைக்கு, அச்சொற்கள் இல்லாத பள்ளி எவ்வளவு நன்றாக எழுதப்பட்டிருந்தாலும் இன்னொருவருடைய பள்ளியே. அமெரிக்கக் கல்வியியலாளர் ரூடின் சிம்ஸ் பிஷப் 1990இல் எழுதிய கட்டுரையொன்றில், பிள்ளைகளுக்குப் புத்தகம் பிறர் உலகைக் காட்டும் யன்னலாகவும் தம் முகத்தைக் காட்டும் கண்ணாடியாகவும் இருக்க வேண்டும் என்றார். வன்னிப் பிள்ளைகளுக்கு யன்னல்கள் சில உண்டு. கண்ணாடி மிகக் குறைவு.

பெரியவர்களின் ஐயங்கள்

இப்படிப்பட்ட நூல்களைப் பற்றிப் பெற்றோர் எழுப்பும் முதல் ஐயம், இதன் நாயகன் நல்ல பிள்ளை இல்லையே என்பது. அவன் பொய் சொல்கிறான், வேலைக்குக் கள்ளம் செய்கிறான், நண்பனைப் பார்த்துப் பொறாமைப்படுகிறான். உண்மைதான். ஆனால் அவன் செய்யும் பிழையை அவனுக்கு முன்பே வாசகர் கண்டுபிடிக்கும்படி கதை அமைந்திருக்கிறது என்பதை மேலே பார்த்தோம். பிழையைத் தானே கண்டுபிடித்த பிள்ளைக்குக் கடைசிப் பந்தியில் நீதி எழுதி வைக்கத் தேவையில்லை. எழுதி வைத்தால், இதுவும் பாடம்தான் என்று தெரிந்து பிள்ளை விலகிவிடும்.

இரண்டாவது ஐயம், இதெல்லாம் ஒரு வாசிப்பா என்பது. டேவ் பில்கியின் வரிசை 2012இலும் 2013இலும் அமெரிக்க நூலகங்களில் மிக அதிகமாக எதிர்ப்புக்குள்ளான நூல்களின் பட்டியலில் முதலிடத்தில் இருந்தது. அதே நூல்களைப் பிள்ளைகள் விடாமல் வாசித்துக்கொண்டிருந்தார்கள். பிரான்சில் நீண்ட காலம் ஆசிரியராக இருந்த டானியல் பெனாக், 1992இல் வெளியிட்ட நூலில் வாசகருக்குப் பத்து உரிமைகள் உண்டு என்று எழுதினார். வாசிக்காமல் இருக்கும் உரிமை, பக்கங்களைத் தாண்டிப் போகும் உரிமை, முடிக்காமல் விடும் உரிமை, எதையும் வாசிக்கும் உரிமை ஆகியவை அவற்றுள் அடங்கும். வளர்ந்தவர்களாகிய நாம் இந்த உரிமைகள் எல்லாவற்றையும் நாளாந்தம் பயன்படுத்துகிறோம். பிள்ளைகளுக்கு மட்டும் மறுக்கிறோம். ஒரே நகைச்சுவைப் புத்தகத்தை ஐந்தாம் தடவை வாசிக்கும் பிள்ளையைத் தடுக்க வேண்டாம். தெரிந்த வாக்கியங்களின் மேல் திரும்பத் திரும்ப ஓடுவதால்தான் வாசிப்பு வேகம் கூடுகிறது.

வன்னியில் எப்படித் தொடங்கலாம்

ஒக்ரோபர் மாதம் இலங்கையில் தேசிய வாசிப்பு மாதமாகக் கொண்டாடப்படுகிறது. வாசிப்பின் சிறப்பைப் பற்றிய பேச்சுப் போட்டியும் கட்டுரைப் போட்டியும் பள்ளிகளில் நடக்கின்றன. அவற்றில் பங்கு பெறுகிறவர்கள் ஏற்கெனவே வாசிக்கிறவர்கள். தயங்கும் பிள்ளையைச் சென்றடைய, போட்டியில்லாத ஒரு நேரம் வேண்டும். வகுப்பின் கடைசிப் பத்து நிமிடத்தில் ஆசிரியரே ஒரு நகைச்சுவைக் கதையை உரத்து வாசிக்கலாம். உரையாடல்களைப் பேச்சு வழக்கிலேயே, குரல் மாற்றி வாசிக்க வேண்டும். சிக்கல் முற்றும் இடத்தில் நிறுத்திவிட்டு, புத்தகத்தை மேசையின்மேல் வைத்துவிட்டுப் போகலாம். மிச்சத்தை வாசித்தவர்கள் யார் என்று விசாரிக்கவோ, கதைச் சுருக்கம் எழுதச் சொல்லவோ கூடாது. அந்தக் கேள்வி ஒன்றே போதும், புத்தகம் மீண்டும் பாடமாகிவிடும்.

வாசிக்கக் கடினப்படும் பிள்ளைக்கு இன்னொரு வழியும் உண்டு. தன்னைவிடச் சிறிய வகுப்புப் பிள்ளைக்கு ஒரு சித்திரக்கதையை வாசித்துக் காட்டும் பொறுப்பை அந்தப் பிள்ளையிடம் கொடுக்கலாம். தரம் 8 மாணவர் தரம் 3 புத்தகத்தை வாசிப்பதில் வெட்கம் இராது, ஏனென்றால் அது தம்பிக்காக வாசிப்பது. ஒரு பகிடியைச் சரியான இடத்தில் நிறுத்திச் சொல்ல வேண்டும் என்பதற்காகவே முந்தின இரவு அதை இரண்டு தடவை வாசித்துப் பார்ப்பார்.

புத்தகமே இல்லாத இடத்தில், பிள்ளைகளையே எழுத வைக்கலாம். நாற்பது பக்கக் கொப்பி ஒன்று, ஒரு பென்சில், அன்றன்று வகுப்பில் நடந்த சிரிப்பான சம்பவம் ஒன்று போதும். கிழமைக்கு ஒருவர் என்று கொப்பி கைமாற வேண்டும். ஒருவர் எழுதியதற்கு மற்றவர் படம் வரையலாம். படம் எழுத்துக்கு எதிராகப் பேச வேண்டும் என்பதை மட்டும் சொல்லிக் கொடுத்தால் போதும். யாரையும் நோகச் செய்யும் பகிடி வந்தால் ஆசிரியர் அந்தப் பிள்ளையைத் தனியே கூப்பிட்டுப் பேசி, சிரிப்பை எழுதியவர்மீதே திருப்பி எழுதச் சொல்லலாம். எழுத்துப் பிழைகளைக் குறித்துவைத்துப் பின்னர் தமிழ்ப் பாட நேரத்தில் பெயர் சொல்லாமல் கற்பிக்கலாம். அந்தக் கொப்பியின் பக்கங்களில் மட்டும் சிவப்பு மை படக்கூடாது.